பட்டாணிச் செடி வாங்கிக் கொடுத்த கடன்!

படத் தயாரிப்பாளர் என்றாலே பெரிய பணக்காரர் என்று நினைக்கிறீர்களா, குட்டீஸ்? தாதாசாகேப் பால்கே அப்படி இல்லை!

இன்ஷூரன்ஸ் பாலிசியை அடகு வைத்து, 1912-ல் லண்டன் போய் கேமரா வாங்கி வந்தார். படம் எடுக்கக் கடன் கேட்டால், யாரும் நம்பவில்லை. என்ன செய்தார் தெரியுமா? தொட்டியில் பட்டாணி விதைத்து, அது வளர வளர விடாமல் படம் பிடித்தார். பல நாள் வளர்ச்சி கொஞ்ச நேரத்தில் திரையில் ஓடியது! பார்த்தவர்கள் அசந்துபோனார்கள், கடனும் கிடைத்தது.

மனைவி சரஸ்வதிபாய் நகைகளைக் கொடுத்தார். குழு முழுவதற்கும் சமைத்தார், பிலிமில் துளையும் போட்டார். (துளை இல்லாவிட்டால் பிலிம் நகராது!) ராணியாக நடிக்கப் பெண்கள் யாரும் வரவில்லை. ஓட்டலில் வேலை பார்த்த சாளுங்கே புடவை கட்டினார்.

1913 மே 3-ல், இந்தியாவின் முதல் முழுநீளப் படமான 'ராஜா ஹரிச்சந்திரா' பம்பாயில் திரையிடப்பட்டது. போட்ட பணமும் திரும்பி வந்தது!