சிரிப்புக்கு முதல் திரைக்கதையே

திரைப்படம் என்றதும் நம் நினைவில் முதலில் நிற்பவர் நடிகர், அடுத்தவர் இயக்குநர். கதையைக் காட்சி காட்சியாக வகுத்துத் தரும் திரைக்கதையாசிரியரின் பெயர் சுவரொட்டியின் அடியில் சிற்றெழுத்தில் மறைந்து கிடக்கும். ஆயினும் சிறு செலவில் உருவாகும் நகைச்சுவைப் படங்களுக்கு அச்சாணி அவரே. இதற்கு நலன் குமரசாமி நல்லதொரு சான்று.

கலைஞர் தொலைக்காட்சியின் 'நாளைய இயக்குநர்' குறும்படப் போட்டி வாயிலாக அறிமுகமானவர் இவர். 'அட்டகத்தி', 'பீட்சா' ஆகிய படங்களை 2012இல் சிறு முதலீட்டில் தந்த தயாரிப்பாளர் சி. வி. குமார், இவர் இயக்கிய 'சூது கவ்வும்' படத்தையும் தயாரித்தார். 2013 மே 1இல் அது வெளிவந்தது. ஸ்ரீநிவாஸ் கவிநயத்துடன் சேர்ந்து நலன் எழுதிய படம் அது. தலைப்போ பாரதியின் 'பாஞ்சாலி சப'தத்தில் பிறந்தது.

அதில் சிரிப்பு எவ்வாறு விளைகிறது? ஆள் கடத்தும் தாஸ் தன் தொழிலுக்கு விதிகள் வகுத்திருக்கிறான். அதிகாரத்தில் இருப்பவர் மீது கை வைக்கக் கூடாது என்பது அவற்றுள் ஒன்று. பணத்தாசையால் ஓர் அமைச்சரின் மகனைக் கடத்த ஒப்புக்கொள்கிறான், விதி மீறப்படுகிறது. அந்த மகனோ, தன்னைக் கடத்தியதாக நாடகமாடித் தந்தையிடமே பணம் பறிக்க எண்ணியவன்! விதியை முதலில் நம்பவைத்துப் பின்னர் உடைப்பதில்தான் நகைச்சுவை இருக்கிறது. தாஸின் காதலியும் அவன் கண்ணுக்கு மட்டுமே தெரியும் கற்பனைப் பெண். வழக்கமான கதாநாயகிப் பாத்திரத்தையே இவ்வாறு கேலி செய்கிறார் ஆசிரியர். இவற்றுக்கெல்லாம் பெரும் அரங்கமோ வெளிநாட்டுப் பயணமோ வேண்டுவதில்லை. எழுதுகோலே போதும்.

இறுதியில் நேர்மையான தந்தை ஒதுங்க, சூது செய்த மகன் அரசியலில் உயர்கிறான். சிரித்து முடிக்குமுன் அது நெஞ்சில் தைக்கிறது. அப்படம் இன்றும் பேசப்படுவதற்கு இதுவே காரணம் எனலாம்.

ஆயினும் எழுத்தாளரின் பாதை விரைவானதன்று. நலனின் அடுத்த படமான 'காதலும் கடந்து போகும்' 2016இல்தான் வந்தது. இடையிடையே அவர் பிறருக்காகவும் எழுதினார். சி. வி. குமார் இயக்கிய 'மாயவன்' (2017), தியாகராஜன் குமாரராஜாவுடன் பலர் சேர்ந்து எழுதிய 'சூப்பர் டீலக்ஸ்' (2019) ஆகியவற்றில் அவர் பங்கு உண்டு. பிறர் பெயரால் அறியப்படும் படத்துக்கும் உழைப்பதே இத்தொழிலின் இயல்பு.

'சூது கவ்வும்' படத்தில் பணத்தைப் பாடுபவர் நம் வடசென்னையின் கானா பாலா. நம் பகுதியின் குரல் அங்கே சிரிப்புக்குத் துணை நின்றது. ஆனால் 'வட சென்னை' (2018) போன்ற படங்களில் நம்மவர் கையில் பெரிதும் தெரிவது கத்தியே. எண்ணூர் நெட்டுக்குப்பத்தில் வலையைச் சீர் செய்தபடி, மீன் கிடைக்காத நாளையும் கேலி பேசிச் சிரிக்கிறார்களே, அந்தச் சிரிப்பும் திரையேற வேண்டாமா? மாணவ நண்பர்களே! அதற்குக் கோடிகள் வேண்டா. காது கொடுத்துக் கேட்கும் பொறுமையும், கேட்டதை ஒழுங்குபட எழுதும் உழைப்பும் இருந்தால் தொடங்கிவிடலாம்.