பச்சோந்திக்குப் பதிவு உண்டு, அதன் இரைக்கு?

புது தில்லி: வீட்டில் வளர்க்கும் வெளிநாட்டுப் பச்சோந்தியை அரசிடம் பதிவு செய்ய வேண்டும் என்கிறது சட்டம். ஆனால், அதற்கு இரையாக அதே வீட்டில் பெருகும் புழுவும் பூச்சியும் யார் பொறுப்பு என்பதில் தெளிவில்லை.

வன உயிரினப் பாதுகாப்புத் திருத்த மசோதாவை மக்களவை 2022 ஆகஸ்ட் 2-ம் தேதியும், மாநிலங்களவை டிசம்பர் 8-ம் தேதியும் நிறைவேற்றின. 2023 ஏப்ரல் 1 முதல் அது நடைமுறைக்கு வந்தது. அருகிவரும் உயிரினங்களின் பன்னாட்டு வணிகம் குறித்த "சைட்ஸ்" உடன்படிக்கைப் பட்டியலில் உள்ள பச்சோந்தி, ஆசிய அரோவானா மீன் போன்றவற்றை வைத்திருப்போர் பதிவு செய்வது கட்டாயம். இதற்கான விதிகள் 2024 பிப்ரவரி 28-ல் அறிவிக்கப்பட்டன.

இந்தப் பிராணிகள் விரும்பி உண்ணும் மாவுப்புழுவும் சுவர்க்கோழியும் அப்பட்டியலில் இல்லை.

கோதுமைத் தவிட்டில் வளர்ப்பு

மாவுப்புழு வளர்ப்புக்குப் பெரிய முதலீடு தேவையில்லை. அகலமான பிளாஸ்டிக் தட்டில் கோதுமைத் தவிடு, ஈரத்துக்குக் கேரட் அல்லது உருளைக்கிழங்குத் துண்டு, இவை போதும். முட்டை, புழு, கூட்டுப்புழு, வண்டு எனச் சுழற்சி முடியச் சில மாதங்கள் ஆகும். வண்டுகள் முட்டைகளையும் கூட்டுப்புழுக்களையும் தின்றுவிடும் என்பதால் அவற்றைத் தனியே பிரிக்க வேண்டும்.

25 முதல் 28 டிகிரி வெப்பம் இவற்றுக்கு ஏற்றது. மே மாதத்தில் 45 டிகிரியைத் தொடும், ஜனவரி இரவில் 5 டிகிரிக்கும் கீழிறங்கும் தலைநகரில், வீட்டினுள் வைத்தே வளர்க்க முடியும். இப்பூச்சிகளில் சுண்ணாம்புச் சத்து குறைவு. ஆகவே, கால்சியம் பொடி தூவிக் கொடுக்காவிட்டால் பல்லி இனங்களின் எலும்பு நலியும்.

இரு அமைச்சகங்களுக்கு இடையே

சிக்கல், பெட்டிக்கு வெளியே தொடங்குகிறது. மாவுப்புழு உலகெங்கும் தானியக் கிடங்குகளின் எதிரி. "சூப்பர் வார்ம்" எனப்படும் பெரிய புழுவின் தாயகம் மத்திய, தென் அமெரிக்கா. சுவர்க்கோழியைத் தாக்கும் ஒருவகை வைரஸ், ஐரோப்பா, வட அமெரிக்காவின் பல பண்ணைகளை அழித்திருக்கிறது.

அயல்நாட்டிலிருந்து உயிருள்ள பூச்சிகளைக் கொண்டுவர, 2003-ம் ஆண்டின் தாவரத் தொற்றுத் தடுப்பு ஆணைப்படி அனுமதி பெற வேண்டும். இது வேளாண் அமைச்சகத்தின் பொறுப்பு. ஊடுருவும் அயல் உயிரினங்களின் இறக்குமதி, வணிகம், வளர்ப்பு ஆகியவற்றைக் கட்டுப்படுத்தும் அதிகாரத்தை 2022-ம் ஆண்டின் திருத்தம் மத்திய அரசுக்கு வழங்கியது. இது சுற்றுச்சூழல் அமைச்சகத்தின் பொறுப்பு. ஆனால், வன உயிரினங்களுக்கோ அவற்றின் வாழிடத்துக்கோ கேடு விளைவிப்பவையே இதில் அடங்கும். கிடங்கின் கோதுமை அடங்காது.

இந்த மசோதாவை ஆராய்ந்த, ஜெய்ராம் ரமேஷ் தலைமையிலான நாடாளுமன்ற நிலைக்குழு, "இந்தியாவைச் சேராதவை" என்ற வரையறை குறுகலானது என 2022-லேயே சுட்டிக்காட்டியது. நாட்டின் ஒரு பகுதிக்கு உரிய உயிரினம் மற்றொரு பகுதியில் ஊடுருவக்கூடும் என்பது அதன் வாதம். ஆயினும் அந்த வரையறை சட்டத்தில் நீடிக்கிறது.

ஐரோப்பிய ஒன்றியம் 2017-ல் மீன் தீவனத்துக்குப் பூச்சிப் புரதத்தை அனுமதித்தபோது, ஏழு இனங்களைப் பெயர் சொல்லிப் பட்டியலிட்டது. இங்கும் எந்தப் பூச்சியை வீட்டில் வளர்க்கலாம், எதை வளர்க்கக் கூடாது என்று இரு அமைச்சகங்களும் சேர்ந்து ஒரே பட்டியல் வெளியிடலாம். அதுவரை, பழைய தவிட்டைக் குப்பையில் கொட்டும் முன் இரண்டு நாள்கள் உறைபெட்டியில் வைத்து, எஞ்சிய முட்டைகளையும் புழுக்களையும் அழிப்பது வளர்ப்போரின் கடமை.