சிரிக்கச் சொல்வது எப்படி?



“சாமி, பிரசங்கத்துல ஒரு ஜோக் சொல்லுங்க, தூக்கம் வராது” என்று நம் இளையோர் கேட்பதுண்டு. நாமும் முயன்றிருக்கிறோம். சில ஆண்டுகளுக்கு முன் ஒரு திருமணத் திருப்பலியில் மணமகளின் உடல்பருமனைப் பற்றி ஒரு வேடிக்கை சொன்னோம். கோவிலே சிரித்தது. அந்தப் பெண்ணும் சிரித்தார். ஆனால் தலையைக் குனிந்துகொண்டார். அதன்பின் பல மாதங்கள் அவருடைய தாயார் நற்கருணை வாங்க நம்மிடம் வரவில்லை. உதவித் தந்தையின் வரிசையில்தான் நின்றார். வீடு தேடிப்போய் மன்னிப்புக் கேட்டோம். இனி வேடிக்கையே வேண்டாம் என்றும் முடிவெடுத்தோம். அதுவும் சரியன்று. தானும் சிரிக்காமல் பிறர் மகிழ்ச்சியையும் கெடுப்பது குற்றமே என்று எழுதியவர் புனித தாமஸ் அக்குவினாஸ்.

சிரிக்கச் சொல்லக் கற்றுத்தர நமக்கு ஓர் ஆசான் இருக்கிறார். தேம்பாவணி பாடிய வீரமாமுனிவர்தான் அவர். 1680இல் இத்தாலியில் பிறந்து, தமிழகம் வந்து, 1747இல் மறைந்த இயேசு சபைக் குரு. அவர் எழுதிய பரமார்த்த குருவின் கதை 1822இல் லண்டனில் அச்சேறியது.

குருவும் ஐந்து சீடர்களும் ஆற்றைக் கடக்கிறார்கள். கரையேறியதும் ஒரு சீடன் எண்ணுகிறான். தன்னை விட்டுவிட்டு எண்ணுவதால் ஐந்துதான் வருகிறது. எத்தனை முறை எண்ணினாலும் ஐந்துதான். ஒருவரை ஆறு கொண்டுபோய்விட்டது என்று அழுகிறார்கள். கடைசியில் ஒரு வழிப்போக்கர் ஒவ்வொருவர் முதுகிலும் தடியால் ஓர் அடி போட்டு எண்ணிக் காட்டுகிறார். ஆறு பேர்!

இதில் சிரிப்பு எங்கே பிறக்கிறது? முதல் எண்ணிக்கையிலேயே நமக்கு விளங்கிவிடுகிறது, அவர்களுக்கு விளங்கவில்லை. அந்த இடைவெளிதான் சிரிப்பு. ஆகவே அதை இழுக்கவேண்டும். மறுபடி எண்ணவிடவேண்டும், அழவிடவேண்டும். நம்மில் பலர் இங்கேதான் தவறுகிறோம். “தன்னை எண்ண மறந்துட்டான் பாருங்க” என்று நாமே விளக்கிவிடுகிறோம். அல்லது சொல்லுமுன்னே நாமே சிரித்துவிடுகிறோம். பிறகு கேட்பவருக்கு என்ன மிச்சம்? சொல்பவர் முகம், அழுகிற சீடனின் முகம்போல் கவலையாக இருக்கவேண்டும். முடிவு வரியை முதலில் மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். அது தடுமாறினால் கதையே போயிற்று.

இன்னொன்றையும் கவனியுங்கள். எழுதியவர் ஒரு குரு. கதையில் ஏமாறுகிறவரும் ஒரு குரு! சீடர்களின் பெயர்கள் மட்டி, மடையன், பேதை, மிலேச்சன், மூடன். மிலேச்சன் என்றால் அந்நியன். கடல்கடந்து வந்தவர் அந்தப் பெயரையும் சேர்த்தது தம்மையே கிண்டல் செய்யத்தான் என்பது நம் எண்ணம். தன்னை எண்ண மறப்பது எல்லாருக்கும் உள்ள குறை. அதனால் கேட்கிற எவரும் தலைகுனிவதில்லை. நாம் சொன்ன வேடிக்கையிலோ கோவில் முழுதும் வெளியே நின்று சிரித்தது. அந்தப் பெண் மட்டும் உள்ளே அகப்பட்டுக்கொண்டார்.

இன்றிரவு சாப்பிடும்போது பிள்ளைகளுக்கு இந்த ஆற்றங்கரைக் கதையைச் சொல்லிப் பாருங்கள். எண்ணுகிற சீடனுக்கு உங்கள் பெயரையே வையுங்கள். ஆறாவது ஆள் எங்கே என்று பிள்ளைகள் கத்தும்வரை வாயைத் திறக்காதீர்கள்.