இயந்திரம் ஓய்வெடுக்க, வேலை குவிவது ஏன்?

தொழிற்சாலையில் வேலை தேங்கினால் உடனே இரண்டு காரணங்கள் சொல்வோம்: இயந்திரம் போதவில்லை, அல்லது ஆட்கள் மெதுவாக வேலை செய்கிறார்கள். இரண்டுமே சரியாக இருந்தும் வேலை மலைபோல் குவியக்கூடும் என்கிறது கணிதம். எதை முதலில் செய்வது என்ற விதியே அதற்குக் காரணமாக இருக்கலாம்.

1972-இல் இன்டெல் நிறுவனம் பினாங்கில் ஆலை தொடங்கிய காலம் முதல் சில்லுத் தொழில் நம் மாநிலத்தின் பிழைப்போடு கலந்துவிட்டது. பாயான் லெப்பாஸ் ஆலைகளில் பெரும்பாலும் சில்லுகளைப் பொதிந்து சோதிக்கிறார்கள். அக்கரையில், கெடாவின் கூலிமில், சிலிக்கான் வட்டுகளின் மேல் மின்சுற்றுகளை உருவாக்கும் ஆலைகளும் உள்ளன. அந்த வேலை படலம் படலமாக நடக்கும். ஆகவே ஒரே வட்டு ஒரே இயந்திரத்துக்குப் பலமுறை திரும்பி வரும். முதல் சுற்றில் இருக்கும் வட்டும் கடைசிச் சுற்றில் இருக்கும் வட்டும் ஒரே இயந்திரத்தின் முன் காத்திருக்கும். எதை முதலில் எடுப்பது?

ஒரு தாளில் போட்டுப் பாருங்கள்

வரிசைகளைப் பற்றிய கணிதத்தை 1909-இல் டென்மார்க்கின் எர்லாங் தொலைபேசி அழைப்புகளை ஆராய்ந்து தொடங்கி வைத்தார். ஒரே வரிசை, ஒரே முகப்பு என்றால் விடை எளிது: வேலை வரும் வேகத்தைவிட முடிக்கும் வேகம் அதிகமாக இருந்தால் வரிசை கட்டுக்குள் இருக்கும். பல இயந்திரங்கள் பின்னிக் கிடக்கும் இடத்தில் இது போதாது என்று 1990-இல் பி. ஆர். குமாரும் தாமஸ் சைட்மனும் காட்டினர். குமார் சென்னை ஐ.ஐ.டி.யில் படித்து அமெரிக்காவில் பேராசிரியரானவர். மறு ஆண்டே லூ என்பவருடன் சேர்ந்து அவர் இன்னும் எளிய எடுத்துக்காட்டு ஒன்றைத் தந்தார். அதை எண்களோடு பார்ப்போம்.

அ, ஆ என இரண்டு இயந்திரங்கள். ஒவ்வொரு பொருளும் நான்கு படிகளைக் கடக்க வேண்டும். முதல் படி அ-வில். இரண்டாம், மூன்றாம் படிகள் ஆ-வில். நான்காம் படி மீண்டும் அ-வில். முதல், மூன்றாம் படிகளுக்குத் தலா 5 நிமிடம். இரண்டாம், நான்காம் படிகளுக்குத் தலா 40 நிமிடம். மணிக்கு ஒரு பொருள் வருகிறது. ஒவ்வோர் இயந்திரத்துக்கும் மணிக்கு 45 நிமிட வேலைதான். 15 நிமிடம் மிச்சம்.

இப்போது விதி: கையில் உள்ளதை நிறுத்திவிட்டாவது, அ நான்காம் படிக்கும் ஆ இரண்டாம் படிக்கும் முதலிடம் தர வேண்டும்.

என்ன நடக்கிறது? அ நான்காம் படியில் மூழ்கியிருக்கும்போது முதல் படி நடப்பதில்லை. ஆகவே ஆ-வுக்கு இரண்டாம் படி வேலை வருவதில்லை. ஆ இரண்டாம் படியில் மூழ்கியிருக்கும்போது மூன்றாம் படி நடப்பதில்லை. அ-வுக்கு நான்காம் படி வேலை வருவதில்லை. இந்த இரண்டு படிகளும் ஒரே நேரத்தில் நடக்கவே முடியாது. 60 நிமிடத்துக்குள் 80 நிமிட வேலையை முடிக்க வேண்டிய நிலை! ஒவ்வொரு சுற்றிலும் தேக்கம் ஏறக்குறைய இரட்டிப்பாகும்.

தீர்வு? ஆ மூன்றாம் படிக்கு முதலிடம் தரட்டும். முடிவை நெருங்கிய பொருளுக்கே முன்னுரிமை என்ற இந்த விதியில் தேக்கம் கட்டுக்குள் வந்துவிடும். இதற்குப் புதிய இயந்திரமோ கூடுதல் நேர வேலையோ தேவையில்லை.

‘முதலில் வந்தவருக்கு முதலில்’ என்ற விதி பாதுகாப்பானதா? அதுவும் சில வலைப்பின்னல்களில் தோற்கும் என்று 1994-இல் மோரி பிராம்சன் நிரூபித்தார்.

எதிர்காலம் தெரியாமலே

உண்மையில் பொருள்கள் மணியடித்தாற்போல் வருவதில்லை. இயந்திரங்கள் திடீரென்று பழுதாகும். இந்தத் தற்செயலை எப்படி ஆள்வது? 1992-இல் டசியூலாஸ், எஃப்ரமிடிஸ் இருவரும் ஒரு வழி சொன்னார்கள். எதிர்காலத்தைக் கணிக்க வேண்டாம். இங்கே உள்ள வரிசை அடுத்த இடத்து வரிசையைவிட எவ்வளவு நீளம் என்று பார்த்து, வித்தியாசமும் வேகமும் சேர்ந்து எங்கே அதிகமோ அங்கே வேலையை நகர்த்தினால் போதும். கம்பியில்லாத் தகவல் தொடர்பு ஆய்வுகளில் இந்தக் கருத்து பெரிதும் பயன்பட்டது.

கூடுதல் கணிதத்தில் நிகழ்தகவைப் படிக்கும் மாணவர்களே, பகடையோடும் வண்ணப் பந்துகளோடும் அந்தப் பாடம் முடிந்துவிடுவதில்லை. மருத்துவமனை, துறைமுகம், கணினி வலையமைப்பு என எங்கெல்லாம் வரிசை உண்டோ அங்கெல்லாம் இந்தக் கணிதத்துக்கு வேலை இருக்கிறது. நாளை நீங்கள் பொறியாளராகி ஓர் ஆலைத் தளத்தில் நிற்கும்போது வேலை குவிந்தால், ‘ஷிப்டு’ தொழிலாளியைக் குறை சொல்வதற்கு முன் அவருக்குக் கொடுத்த விதியைச் சோதித்துப் பாருங்கள்.