கல்லூரி முதல்வர், துணைவேந்தர் நியமனத் தகுதி வழக்குகள்

அரசு நிதியில் இயங்கும் கல்லூரிக்கோ பல்கலைக்கழகத்துக்கோ தலைமை ஏற்றவருக்குச் சட்டம் கூறும் தகுதி உள்ளதா என்று கேட்டுத் தொடுக்கப்படும் வழக்குகள் இவை. தமிழ்நாட்டில் இவற்றுள் பெரிதும் பேசப்பட்டது மதுரை காமராசர் பல்கலைக்கழகத் துணைவேந்தர் கல்யாணி மதிவாணன் தொடர்பான வழக்காகும்.

வழக்கின் வடிவம்

இத்தகைய வழக்குகள் பெரும்பாலும் அரசியலமைப்பின் 226ஆம் பிரிவின்படி, தகுதிமுறை வினவும் நீதிப்பேராணை கோரி உயர் நீதிமன்றத்தில் தொடுக்கப்படுகின்றன. "இப்பதவியில் எந்த உரிமையால் அமர்ந்திருக்கிறீர்?" என்பதே அதன் கேள்வி. வழக்குத் தொடுப்பவர் அப்பதவிக்குப் போட்டியிட்டவராக இருக்க வேண்டியதில்லை. ஆனால் நியமிக்கப்பட்டவரைவிடத் திறமையானவர் வேறொருவர் உண்டு என்று வாதிட்டு இங்கு வெல்ல முடியாது. மைசூர் பல்கலைக்கழகம் எதிர் கோவிந்த ராவ் வழக்கில் (1963), கல்வி வல்லுநர் குழுவின் மதிப்பீட்டை நீதிமன்றம் எளிதில் மாற்றக்கூடாது என உச்ச நீதிமன்றம் கூறியது. சட்டம் விதித்த தகுதி இருக்கிறதா என்பது மட்டுமே ஆராயப்படும்.

மதுரை வழக்கு

கல்யாணி மதிவாணன் சென்னை எத்திராஜ் மகளிர் கல்லூரியில் ஆங்கில இணைப் பேராசிரியராக இருந்தவர். 2012 ஏப்ரலில் துணைவேந்தராக நியமிக்கப்பட்டார். பல்கலைக்கழக மானியக் குழுவின் 2010ஆம் ஆண்டு விதிமுறைகள், துணைவேந்தராக வருபவர் பேராசிரியராகவோ அதற்கு இணையான பதவியிலோ குறைந்தது 10 ஆண்டுகள் பணியாற்றியிருக்க வேண்டும் என்றன. அந்த அனுபவம் அவருக்கு இல்லை என்று வழக்குத் தொடுக்கப்பட்டது. 2014 ஜூன் 26 அன்று உயர் நீதிமன்ற மதுரைக் கிளை நியமனத்தை ரத்து செய்தது.

உச்ச நீதிமன்றம் 2015 மார்ச் 11 அன்று அத்தீர்ப்பை மாற்றியது. 2010ஆம் ஆண்டு விதிமுறைகள் மத்தியப் பல்கலைக்கழகங்களைக் கட்டாயமாகக் கட்டுப்படுத்தும்; மாநிலச் சட்டத்தால் அமைந்த பல்கலைக்கழகங்களை, மாநில அரசு அவற்றை ஏற்றுக்கொண்டால்தான் கட்டுப்படுத்தும் என்றது. தீர்ப்பு வந்தபோது மூன்றாண்டுப் பதவிக்காலத்தில் எஞ்சியிருந்தது ஏறத்தாழ ஒரு மாதம்தான். நியமன வழக்குகளின் பெருங்குறையே இந்தத் தாமதம்தான்.

பத்தாண்டு விதிக்கு இன்னொரு பக்கமும் உண்டு. இணைவுக் கல்லூரிகளில் முப்பது ஆண்டு பாடம் நடத்தியவர்கள்கூடப் பெரும்பாலும் இணைப் பேராசிரியர் நிலையிலேயே ஓய்வு பெற்றனர். அவர்களுக்குத் துணைவேந்தர் பதவியின் கதவை இவ்விதி ஏறக்குறைய மூடிவிடுகிறது.

பின்னர் காற்று திசை மாறியது. குஜராத்தின் சர்தார் படேல் பல்கலைக்கழக வழக்கிலும் (2022 மார்ச்), கேரளத்தின் அப்துல் கலாம் தொழில்நுட்பப் பல்கலைக்கழக வழக்கிலும் (2022 அக்டோபர்) மானியக் குழு விதிகளுக்கு முரணான நியமனங்களை உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. கேரள வழக்கில், பெயர்ப் பட்டியல் தராமல் ஒரே ஒரு பெயரைத் தேர்வுக் குழு பரிந்துரைத்ததே குறையாயிற்று. 1976இல் 42ஆம் திருத்தத்தால் கல்வி பொதுப்பட்டியலுக்குச் சென்றதும், உயர்கல்வித் தர நிர்ணயம் மத்தியப் பட்டியலில் இருப்பதும் இந்த இழுபறியின் வேர்கள்.

தாம்பரமும் தென்சென்னைப் புறநகரும்

1937இல் தாம்பரத்துக்கு இடம் மாறிய சென்னைக் கிறித்தவக் கல்லூரி அரசு உதவி பெறும் சிறுபான்மைக் கல்லூரி. இத்தகைய கல்லூரிகளுக்கு வேறு அளவுகோல் உண்டு. முதல்வராக யாரைத் தேர்ந்தெடுப்பது என்பது நிர்வாக உரிமையின் முக்கியக் கூறு என்று மலங்கரை சிரியன் கத்தோலிக்கக் கல்லூரி வழக்கில் (2006) உச்ச நீதிமன்றம் கூறியது. பணி மூப்பைக் காட்டி அதில் தலையிட முடியாது. அதற்காகத் தகுதி விதி தளர்ந்துவிடுவதில்லை. மானியக் குழுவின் 2018 விதிமுறைகள் முதல்வருக்கு முனைவர் பட்டம், 15 ஆண்டு அனுபவம், 10 ஆய்வுக் கட்டுரைகள் ஆகியவற்றைக் கேட்கின்றன. அரசுக் கல்லூரிகளில் முதல்வர் பணியிடம் பதவி உயர்வால் நிரப்பப்படுவதால், அங்கே பூசல் பணி மூப்புப் பட்டியல் பற்றியதாகவே இருக்கும்.

காரப்பாக்கத்தில் உள்ள தமிழ்நாடு ஆசிரியர் கல்வியியல் பல்கலைக்கழகம் வேறுவகைச் சிக்கலில் அகப்பட்டது. 2023இல் அதற்கும் சென்னை, பாரதியார் பல்கலைக்கழகங்களுக்கும் ஆளுநர் அமைத்த தேடல் குழுக்களில் மானியக் குழுவின் பிரதிநிதி இடம்பெற்றார். மாநில அரசு அதை ஏற்கவில்லை. 2024 ஜனவரியில் அக்குழுக்கள் திரும்பப் பெறப்பட்டன. நியமன அதிகாரத்தை அரசுக்கு மாற்றும் சட்டங்கள், உச்ச நீதிமன்றத்தின் 2025 ஏப்ரல் 8 தீர்ப்பை அடுத்து நடைமுறைக்கு வந்தன. மே 21 அன்று சென்னை உயர் நீதிமன்றம் அவற்றுக்கு இடைக்காலத் தடை விதித்தது.

மாணவர் பட்டம் செல்லுமா?

துணைவேந்தர் நியமனம் பின்னாளில் ரத்தானால், அவர் கையெழுத்திட்ட பட்டச் சான்றிதழ் என்னவாகும் என்ற அச்சம் மாணவரிடையே எழுவதுண்டு. அது தேவையற்றது. பதவியின் பெயரால் பொதுமக்களுக்காகச் செய்த செயல்கள், நியமனக் குறையால் செல்லாதவை ஆகிவிடா என்பது கோகராஜு ரங்கராஜு வழக்கில் (1981) உச்ச நீதிமன்றம் உறுதிசெய்த கோட்பாடு. அவ்வழக்கு நீதிபதிகளின் நியமனம் பற்றியது. ஆயினும் பொதுப்பதவிகள் பிறவற்றுக்கும் அக்கோட்பாடு பொருந்தும். துணைவேந்தர் இல்லாத காலத்தில் ஒருங்கிணைப்புக் குழு நிர்வாகத்தைப் பார்த்துக்கொள்கிறது. ஆனால் பேராசிரியர் நியமனம், புதிய பாடப்பிரிவு போன்ற நீண்டகால முடிவுகள் தள்ளிப்போவதை எந்தக் கோட்பாடும் ஈடுசெய்வதில்லை.