சீசருக்கு முன் புதைகுழி பேசட்டும்

பழங்காலக் கெல்ட்டியரைப் பற்றிய ஆவணப்படம் என்றதும் பலருக்கும் தோன்றுவது மூடுபனியும், உடம்பில் நீலம் பூசிக் கூச்சலிட்டு ஓடிவரும் வீரர்களும்தான். அந்த நீலம் ஜூலியஸ் சீசரின் போர்க்குறிப்புகளிலிருந்து வந்தது. கெல்ட்டியர் தங்கள் வரலாற்றை எழுதிவைக்கவில்லை. எழுதியவர்கள் கிரேக்கரும், கெல்ட்டியரை வென்று அடக்கிய ரோமானியரும். நடிகர்களுக்கு வேடம் கட்டி அவர்கள் எழுதியதை அப்படியே படமாக்கினால், வென்றவனின் வாக்குமூலத்துக்கு வண்ணமும் இசையும் சேர்த்துக் கொடுக்கிறோம். கேமரா முதலில் போக வேண்டிய இடம் அகழாய்வுக் குழி.

தென்மேற்கு ஜெர்மனியின் ஹோக்டார்ஃபைப் பாருங்கள். 1978-79இல் தொல்லியலாளர் யோர்க் பீல் அகழ்ந்த ஈமமேட்டுக்குள், கொள்ளையர் கைபடாத மர அறை ஒன்று இருந்தது, கி.மு. 6ஆம் நூற்றாண்டைச் சேர்ந்தது. உள்ளே நாற்பது வயது மதிக்கத்தக்க, ஆறடிக்கு மேல் உயரமான ஒருவர் வெண்கல இருக்கையில் கிடத்தப்பட்டிருந்தார். எட்டுப் பெண் உருவங்கள் அதைத் தாங்குகின்றன. பக்கத்தில் நான்கு சக்கர வண்டி, மது அருந்தும் ஒன்பது கொம்புகள், சவரக்கத்தி, தூண்டில் முட்கள். சுமார் 500 லிட்டர் கொள்ளும் வெண்கல அண்டா கிரேக்க வேலைப்பாடு. விளிம்பில் மூன்று சிங்கங்கள். அவற்றில் ஒன்று மட்டும் உள்ளூர்க் கொல்லர் செய்தது. அடியில் உலர்ந்திருந்த கசடின் மகரந்தத்தை ஆராய்ந்து, அண்டாவில் இருந்தது தேன்மது என்று கண்டறிந்தார்கள். அந்த ஒற்றைச் சிங்கத்தை வைத்தே பத்து நிமிடம் படம் எடுக்கலாம்: மத்தியதரைக் கடலோடு இருந்த தொடர்பு, சிங்கத்தை நேரில் கண்டிருக்க வாய்ப்பே இல்லாத ஒருவர் அதை வார்க்கத் துணிந்தது, அவர் கைக்கு வந்தது, வராதது.

பொருள் தானாகப் பேசாது, மனித முகம் இல்லாமல் யார் பார்ப்பார்கள் என்பார்கள் தயாரிப்பாளர்கள். நியாயமான கேள்விதான். நடிப்பே கூடாது என்பதல்ல. கசடு சொன்னது எது, இயக்குநர் ஊகித்தது எது என்பது திரையிலேயே தெரிய வேண்டும். இன்னொரு மறுப்பு கனமானது: ரோமானியரைப் பின்னுக்குத் தள்ளினால் கெல்ட்டியரை அப்பாவிகளாக்கிவிட மாட்டோமா? மண் அதற்கு இடம் தராது. வேல்ஸின் ஆங்கிள்சி தீவில் கெல்ட்டியப் பூசாரிகளான ட்ரூயிடுகள் கைகளை உயர்த்திச் சாபமிட்டதாக ரோமானிய வரலாற்றாசிரியர் டாசிட்டஸ் எழுதினார். படங்களுக்கு மிகவும் பிடித்த காட்சி. அதே தீவில், ஒருகாலத்தில் ஏரியாக இருந்த லின் கெரிக் பாக் சதுப்பில், இரண்டாம் உலகப்போரின்போது விமானதளம் அமைத்தவர்கள் ஓர் இரும்புச் சங்கிலியை எடுத்தார்கள். அதன் பழமை தெரியாமல், சேற்றில் சிக்கிய லாரிகளை அதைக் கட்டியே இழுத்தார்கள். ஐந்து கழுத்து வளையங்கள் கொண்ட அந்தச் சங்கிலி, மனிதர்களை வரிசையாகப் பிணைப்பதற்குச் செய்யப்பட்டது. யாரைப் பிணைத்தார்கள், எங்கே ஓட்டிச் சென்றார்கள், பிறகு ஏன் அதை ஏரிக்குக் காணிக்கையாக்கினார்கள்? சாபமிடும் ட்ரூயிடைக் காட்டி முடித்துவிடும் படம் இந்தக் கேள்விகளின் பக்கமே வருவதில்லை.