தற்காப்புக்கு எது துணை?

வலியவன் மெலியவனை அடித்து வீழ்த்துவது வீரமன்று. மெலியவன் தீங்கினின்று தப்பித் தன் வழியே தலைநிமிர்ந்து நடப்பதே வீரம். 'தற்காப்பு' என்னும் சொல்லிலேயே இந்தக் கருத்து அடங்கிக் கிடக்கிறது. தன்னைக் காப்பதுதான் அதன் பொருள். பிறரைத் தண்டிப்பது அன்று. இந்த வேறுபாட்டை மறந்துவிட்டுக் கடைக்குப் போனால், தேவையற்ற கருவியை வாங்கி வருவோம். தேவையான வேளையில் அது நமக்கு உதவாது.

இப்பொருளைப் பற்றி எழுத எனக்கொரு காரணம் உண்டு. என் தோழி ஒருத்தி மட்டாஞ்சேரியில் உறவினர் வீட்டில் தங்கிப் படிக்கிறாள். மாலை வகுப்பு முடிந்து அவள் திரும்பும்போது பஜார் சாலையின் கிடங்குகள் பூட்டிக் கிடக்கும். பகலெல்லாம் மூட்டை சுமப்போரும் வணிகரும் நெருக்கியடிக்கும் அந்தத் தெரு, இருட்டியபின் ஆளரவமற்றுப் போய்விடும். செய்தியறிந்த அவள் தாயார் திருநெல்வேலியிலிருந்து தொலைபேசியில், "சாயங்கால வகுப்பே வேண்டாம் கண்ணு, விளக்கு வைக்கிறதுக்குள்ள வீட்டுக்கு வந்துரு" என்றார்கள். அந்தத் தாயுள்ளத்தின் அச்சத்தை யார் குறை கூற முடியும்? ஆனால் அச்சத்துக்கு மருந்து வகுப்பை விடுவதுதான் என்றால், நம்மில் எத்தனை பெண்கள் படிப்பை முடிப்போம்? ஆகவே, கையில் என்ன வைத்துக்கொள்ளலாம் என்று நாங்கள் இருவரும் ஆராய்ந்தோம். அறிந்தவற்றை ஈண்டுத் தொகுத்துத் தருகிறேன்.

மூன்று கேள்விகள்

எந்தக் கருவியை எடுத்தாலும் மூன்று கேள்விகளைக் கேட்டுப் பார்க்க வேண்டும். ஒன்று, ஆபத்து நேரும் நொடியில் அது என் கையில் இருக்குமா? இரண்டு, அது என்னையோ அருகில் நிற்கும் நிரபராதியையோ தாக்குமா? மூன்று, சட்டம் வகுத்த அளவுக்குள் அடங்குமா? இம்மூன்றுக்கும் நல்ல விடை தரும் கருவியே நல்ல கருவி. விலையும் விளம்பரமும் பிறகுதான்.

கருவியின் வேலை எதிரியை வெல்வதன்று. ஓடுவதற்குச் சில நொடிகளைப் பெற்றுத் தருவதுதான். இதை மனத்தில் நிறுத்திக்கொண்டால் தெரிவு எளிதாகிவிடும்.

மிளகு இல்லாத மிளகுத் தெளிப்பான்

இன்று பலரும் முதலில் நினைப்பது பெப்பர் ஸ்ப்ரேயைத்தான். 'மிளகுத் தெளிப்பான்' என்று அதைத் தமிழில் சொல்கிறோம். மிளகுக்குப் பேர்போன மட்டாஞ்சேரியில் நின்றுகொண்டு இதைச் சொல்ல எனக்குச் சிரிப்பு வருகிறது. ஏனெனில் அதில் மிளகே இல்லை! 1957 இல் தோன்றி மிளகின் முன்பேர வணிகத்தை நடத்திய வணிகர் சங்கம் யூதர் தெருவில்தான் இருக்கிறது. ஆயினும் அங்கு விலை பேசப்பட்ட கருமிளகுக்கும் இந்தக் குப்பிக்கும் உறவு பெயரளவில்தான். குப்பியில் இருப்பது மிளகாயின் சாறு.

இந்தக் குழப்பத்துக்கு ஒரு வரலாறு உண்டு. 1500 இல் கொச்சிக்கு வந்த போர்ச்சுகீசியர் தேடி வந்தது மிளகை. அவர்கள் வழியாக இந்நாட்டுக்கு வந்து சேர்ந்ததோ அமெரிக்கக் கண்டத்துப் பயிராகிய மிளகாய். மிளகைப்போல் உறைத்ததால் நம்மவர் அதை 'மிளகு காய்' என்ற பொருளில் மிளகாய் என்றனர். ஆங்கிலேயரோ இரண்டையும் 'பெப்பர்' என்னும் ஒரே சொல்லால் குறித்தனர். அந்தச் சொல்தான் இன்று குப்பியின்மேல் ஒட்டியிருக்கிறது.

மிளகாயிலிருந்து பிரித்தெடுக்கும் எண்ணெய்ப் பிசினுக்கு ஓலியோரெசின் என்று பெயர். நறுமணப் பொருள்களிலிருந்து இவ்வகைச் சாறு எடுக்கும் பெரிய ஆலைகள் கொச்சிக்கு அருகே கோலஞ்சேரிப் பகுதியிலேயே உள்ளன; அவற்றுள் ஒன்று 1972 இல் தொடங்கியது. அவை உணவுத் தொழிலுக்கானவை. எனினும் உணவுக்கு உறைப்பூட்டும் அதே பொருள்தான் தெளிப்பானிலும் வேலை செய்கிறது.

அது எப்படி வேலை செய்கிறது? மிளகாயில் உள்ள காப்சைசின் என்னும் பொருள், நம் நரம்பு முனைகளில் சூட்டை உணர்வதற்கென்று அமைந்த வாயிலைத் திறந்துவிடுகிறது. நெருப்புப் பட்டதாகவே மூளை எண்ணிக்கொள்கிறது. இந்த வாயிலை 1997 இல் கண்டறிந்து சொன்ன டேவிட் ஜூலியஸ் 2021 இல் நோபல் பரிசு பெற்றவர்களுள் ஒருவர். முகத்தில் சாறு பட்டவுடன் கண்ணிமைகள் தாமே மூடிக்கொள்கின்றன, மூக்கும் தொண்டையும் எரிகின்றன, இருமல் எழுகிறது. கடுமை பெரும்பாலும் முக்கால் மணி நேரத்துக்குள் தணியத் தொடங்கும்.

வாங்கும்போது ஏமாறக்கூடிய இடம் ஒன்று உண்டு. '10 சதவீதச் சாறு' என்று குப்பியில் பெரிதாக அச்சிட்டிருப்பார்கள். சாறு எத்தனை பங்கு என்பதைக் காட்டிலும், அந்தச் சாற்றில் காப்சைசின் வகைப் பொருள்கள் எத்தனை பங்கு என்பதே வலிமையைக் காட்டும். சப்பென்ற மிளகாயின் சாறு நிறைய இருந்து பயனென்ன? ஆகவே அந்த அளவு குறிக்கப்பட்டிருக்கிறதா என்று பாருங்கள். காலாவதி நாளையும் பாருங்கள். சாறு கெடாவிட்டாலும், அதை வெளியே தள்ளும் வாயுவின் அழுத்தம் ஆண்டுகள் செல்லச் செல்லக் குறைந்துவிடும்.

காற்றும் மூடிய அறையும்

தெளிப்பான்களில் பனிபோலப் பரவுவது, நீர்த்தாரைபோல நேராகச் செல்வது, களிபோல ஒட்டிக்கொள்வது என மூவகை உண்டு. பனிபோன்றதற்குக் குறி தவறினாலும் பலன் உண்டு. ஆனால் எதிர்காற்றில் அடித்தவர் முகத்துக்கே திரும்பும். கொச்சியில் பகலில் கடற்காற்றும் இரவில் நிலக்காற்றும் திசை மாறி வீசும். சந்து பொந்துகளில் அது எப்பக்கம் சுழலும் என்று சொல்ல முடியாது. படகுத்துறைக்கு நடப்பவர்க்குத் தாரை வகையோ களி வகையோதான் ஏற்றது. இவற்றுக்குக் குறி வேண்டும். ஆகவே பழக்கமும் வேண்டும்.

மூடிய இடத்தில் எந்த வகையும் தொல்லையே. 2014 பிப்ரவரி 13 ஆம் நாள் தெலங்கானா மசோதா வந்த வேளையில், மக்களவை உறுப்பினர் ஒருவர் அவைக்குள்ளேயே பெப்பர் ஸ்ப்ரேயை அடித்துவிட்டார். உறுப்பினர்கள் இருமிக்கொண்டும் கண்களைப் பொத்திக்கொண்டும் வெளியேறினர். சிலரை மருத்துவமனைக்கே அழைத்துச் செல்ல வேண்டியதாயிற்று. அத்துணைப் பெரிய மண்டபத்திலேயே இந்நிலை என்றால், நெரிசலான பேருந்தில் அடித்தால் குழந்தைகளும் ஆஸ்துமா நோயாளிகளும் என்ன பாடுபடுவர்! பேருந்திலும் படகிலும் கருவி வேறாக இருக்க வேண்டும்.

தவறிப் பட்டுவிட்டால் தேய்க்கக் கூடாது. காற்றோட்டமான இடத்துக்குப் போய்க் கண்ணைச் சிமிட்டிக்கொண்டே நிறையத் தண்ணீரால் கழுவ வேண்டும். எண்ணெய்ப் பசை ஆதலால் தோலுக்குச் சோப்பு வேண்டும். மூச்சுத் திணறினால் உடனே மருத்துவரிடம் செல்ல வேண்டும்.

நம் வீடுகளில் மிளகாய்த்தூள் பொட்டலத்தைக் கைப்பையில் போட்டு அனுப்பும் வழக்கம் உண்டு. அன்பால் செய்வதுதான், ஆனால் முதல் இரண்டு கேள்விகளிலும் அது தோற்றுப்போகிறது. பொட்டலம் பிரிப்பதற்குள் நேரம் போய்விடும். தூளோ காற்றில் நம் கண்ணையே தேடி வரும்.

ஒலி, ஒளி, குடை

விலை மலிவு, எவர்க்கும் தீங்கில்லை, சட்டத் தடையில்லை என்று மூன்று கேள்விகளுக்கும் தயங்காமல் விடை தருவது விசில். அச்சத்தில் தொண்டை அடைத்துக் குரல் வராமற் போவது உண்டு. அப்போதும் ஊத மூச்சிருக்கும். சாவிக்கொத்தில் கோத்து வைத்தால் எப்போதும் கையருகே இருக்கும். ஊசியை இழுத்தவுடன் ஓயாமல் அலறும் சிறு மின்கல அலாரமும் நன்றே. ஆனால் கேட்பதற்கு ஆள் இருந்தால்தான் ஒலிக்குப் பலன். பூட்டிய கிடங்குகளுக்கு நடுவே அதை மட்டும் நம்பலாகாது. பேருந்திலும் படகுத்துறையிலும் அதுவே முதல் துணை.

டார்ச் விளக்கு இரு வகையில் உதவும்: இருட்டில் யார் நிற்கிறார் என்று முன்கூட்டியே காட்டும், நெருங்குபவர் கண்ணைச் சற்றே கூசச் செய்யும். மழைநாடாகிய கேரளத்தில் நீண்ட குடையை ஏந்திச் செல்பவரை யாரும் ஐயுற மாட்டார்கள். அதைக் குறுக்கே நீட்டிப் பிடித்தால், பற்ற வருபவனுக்கும் நமக்கும் இடையே ஓர் எட்டுத் தூரம் கிடைக்கும். அந்த ஓர் எட்டுத்தான் நாம் ஓடத் தொடங்கும் இடம்.

கத்தியை நான் இப்பட்டியலில் சேர்க்கவில்லை. அஃது உயிர் பறிக்கும் கருவி. வலியவன் பிடுங்கிவிட்டால் நம்மீதே பாயும். மின்னதிர்ச்சிக் கருவிகளையும் விலக்குவதே அறிவுடைமை. எதிரியை ஒட்டி நின்றால்தான் அவற்றுட் பல பயன்படும். நாம் வேண்டுவதோ விலகி நிற்பதை. மேலும் 2016 ஆம் ஆண்டின் ஆயுத விதிகள் மின்சாரத்தால் செயலிழக்கச் செய்யும் கருவிகளையும் தம் வரம்புக்குள் கொண்டுவந்துள்ளன.

சட்டத்தின் அளவுகோல்

2024 ஜூலை 1 முதல் நடைமுறையில் உள்ள பாரதிய நியாய சன்ஹிதா, 34 முதல் 44 வரையுள்ள பிரிவுகளில் தற்காப்பு உரிமையைக் கூறுகிறது. தற்காப்புக்காகச் செய்த செயல் குற்றமாகாது என்கிறது 34 ஆம் பிரிவு. ஆனால் 37 ஆம் பிரிவு அளவு வகுக்கிறது: காத்துக்கொள்வதற்குத் தேவையான அளவுக்குமேல் தீங்கு செய்யலாகாது, காவலரின் உதவியை நாடுவதற்கு நேரம் இருந்தால் இவ்வுரிமை இல்லை. ஓடுகிறவனைத் துரத்திச் சென்று அடித்தால் அது தற்காப்பன்று.

தெளிப்பானை விளையாட்டாக எண்ணக் கூடாது என்பதற்கும் சான்று உண்டு. ஓர் இடத்தகராற்றில் பெப்பர் ஸ்ப்ரே அடித்தவர்கள் தங்கள்மீதான வழக்கை நீக்கக் கோரியபோது, கர்நாடக உயர்நீதிமன்றம் 2024 இல் அதற்கு இணங்க மறுத்தது. அவ்வகைத் தெளிப்பானை ஆபத்தான ஆயுதமாகக் கருதலாம் என்றும் கூறியது. உயிருக்கோ மானத்துக்கோ உடனடி ஆபத்து இருக்கும்போது மட்டுமே அதைக் கையில் எடுக்க வேண்டும் என்பதே நமக்குரிய பாடம். விமானத்தில் கைப்பையில் வைத்து அதைக் கொண்டுசெல்லவும் முடியாது. ஊருக்குப் பறப்போர் நினைவில் கொள்க.

பழக்கமே பாதிப் பலம்

பையின் அடியில் புத்தகங்களுக்குக் கீழே கிடக்கும் கருவி கடையில் இருப்பதற்குச் சமம். இருண்ட வழியில் நடக்கும்போது அது கையிலோ சட்டைப்பையிலோ இருக்க வேண்டும். வாங்கியவுடன் திறந்த வெளியில், காற்றுக்கு முதுகு காட்டி நின்று, ஒருமுறை அடித்துப் பழக வேண்டும். எந்தப் பக்கம் ஓடுவது, எந்தக் கடை திறந்திருக்கும் என்று முன்பே பார்த்து வைக்க வேண்டும். 112 என்னும் அவசர எண்ணையும், மகளிர் உதவிக்கான 181 ஐயும், கேரளக் காவல்துறையின் பிங்க் ரோந்துக்கான 1515 ஐயும் மனப்பாடம் செய்துகொள்ளுங்கள். 'ரக்ஷிக்கணே' என்னும் மலையாளக் கூக்குரலையும் கற்றுக்கொள்ளுங்கள். பதற்றத்தில் நாம் தமிழில் கத்தினாலும் இவ்வூரார் உதவ ஓடி வருவார்கள், எனினும் அவர்கள் மொழியில் அழைத்தால் இன்னும் விரைந்து வருவார்கள்.

இத்தனையும் ஆராய்ந்தபின் என் தோழி வாங்கியவை சாவிக்கொத்தில் ஒரு விசில், ஒரு டார்ச், தாரையாகப் பாயும் ஒரு சிறு தெளிப்பான். மாலை வகுப்பை அவள் விடவில்லை.

நண்பர்களே! கருவி எதுவும் நல்ல தெருவிளக்குக்கும் நல்ல துணைக்கும் ஈடாகாது. தீங்கு செய்பவனுக்கே வெட்கம், தற்காத்துக்கொள்பவளுக்கு அன்று. ஆதலின் நம் சங்கம் இரண்டு காரியங்கள் செய்யலாம் என்பது என் விண்ணப்பம். ஒன்று, ஒரு ஞாயிறு காலையில் மைதானத்தில் இக்கருவிகளின் பயிற்சி. அதற்கு மாணவரும் மாணவியரும் சேர்ந்தே வர வேண்டும். மற்றொன்று, மாலை வகுப்பு முடிந்து மட்டாஞ்சேரிக்கும் பிற இடங்களுக்கும் திரும்புவோர் யார் யார் என்று பட்டியல் எடுத்து, ஒரே வழியில் செல்வோரைச் சேர்த்துவிடுதல். செலவு ஒன்றுமில்லை; ஒரு தாளும் ஒரு பேனாவும் போதும். அடுத்த கூட்டத்திலேயே அதைத் தொடங்குவோமாக!